தானியங்கித் தீனிப்பெட்டி: மீன் தொட்டிக்கு அளவும் நேரமும்

மீன் தொட்டியில் குறித்த நேரத்துக்குக் குறித்த அளவு தீனியைத் தானாகவே போடும் சிறு கருவி, தானியங்கித் தீனிப்பெட்டி. கடைகளில் ‘ஆட்டோ ஃபீடர்’ என்ற பெயரில் கிடைக்கிறது. தீனி நிரப்ப ஓர் உருளை, அதைச் சுழற்ற ஒரு குட்டி மோட்டார், நேரம் பார்க்க ஒரு கடிகாரச் சில்லு. பெரும்பாலானவற்றில் இருப்பது இவ்வளவுதான். பொங்கலுக்கோ கோடை விடுமுறைக்கோ குடும்பத்தோடு ஊருக்குப் போகிறவர்களும், இரவுப் பணிக்குச் செல்பவர்களும், நாளுக்கு நாலைந்து முறை தீனி கேட்கும் மீன்குஞ்சுகளை வளர்ப்பவர்களும் இதை வாங்குகிறார்கள்.

கருவி எளிது. அதை ஒரு தொட்டிக்குத் தக்கபடி அமைப்பதில்தான் கவனம் வேண்டும். மீனுக்கு எவ்வளவு தேவை, மிஞ்சும் தீனி தண்ணீரை என்ன செய்யும், கருவி எந்த இடத்தில் தவறும் என்ற மூன்றும் தெரிந்தவர் வீட்டில் இது நல்ல துணை. தெரியாதவர் வீட்டில், கை எப்போதாவது செய்யும் தவற்றை இது நாள் தவறாமல் செய்துகொண்டிருக்கும்.

மீனின் வயிறு எவ்வளவு?

நாய், பூனை போன்றவை தின்பதில் பெரும்பங்கு உடம்பின் சூட்டைக் காக்கவே செலவாகிறது. மீனுக்கு அந்தச் செலவு இல்லை. அதன் உடல் வெப்பம் தண்ணீரின் வெப்பத்தோடு ஏறி இறங்கும். உடல் எடையையும் தண்ணீரே தாங்கிக்கொள்கிறது. ஆகவே வளர்ந்த மீனுக்கு நாளொன்றுக்கு அதன் எடையில் நூற்றுக்கு ஒன்று, இரண்டு பங்கு உலர்தீனி போதும். அரை கிராம் எடையுள்ள பத்து கப்பி மீன்களின் மொத்த எடை 5 கிராம். அவற்றின் ஒரு நாள் உணவு 0.1 கிராம். ஈர விரல் நுனியால் தொட்டெடுத்தால் ஒட்டிக்கொள்ளும் அளவு அது. இரண்டு விரலால் கிள்ளிப் போடும் ஒரு சிட்டிகையே இதைவிடப் பல மடங்கு ஆகிவிடும்.

நல்ல உடல்நிலையில் உள்ள வளர்ந்த மீன்கள் பெரும்பாலானவை ஒரு வாரம் வரை தீனி இல்லாமல் தாக்குப்பிடிக்கும். பாசி படிந்த, செடி வளர்ந்த தொட்டியில் அவை அங்கங்கே கொறித்துக்கொண்டும் இருக்கும். எனவே இரண்டு, மூன்று நாள் பயணத்துக்கு எந்த ஏற்பாடும் தேவையில்லை. குஞ்சுகளின் நிலை வேறு. அவற்றின் வாயும் குடலும் சிறியவை, வளர்ச்சி வேகமானது. ஒரு வேளை அதிகமாகத் தின்று மறுவேளைக்குச் சேர்த்துவைக்க அவற்றால் முடியாது. நோயிலிருந்து மீளும் மீனையும் நீண்ட பட்டினி போடக் கூடாது.

இனத்துக்கு இனம் உண்ணும் முறையும் மாறுகிறது. தங்கமீனுக்கும் கெண்டைக் குடும்பத்தைச் சேர்ந்த மற்ற மீன்களுக்கும் இரைப்பை கிடையாது. விழுங்கியது நேராகக் குடலுக்குப் போய்விடும். குளத்தின் அடியில் நாள் முழுதும் கிளறிக் கிளறித் தின்னும் வாழ்க்கைக்கு அமைந்த உடல் அது. அவற்றுக்கு ஒரே வேளையில் நிறையப் போடுவதைவிடச் சிறுகச் சிறுகப் பல வேளை போடுவது ஒத்துக்கொள்ளும். வீட்டில் ஆள் இல்லாத பகல் பொழுதில் இதைச் செய்யக் கைக்கு வழியில்லை. கருவியின் உண்மையான பயன் இங்கேதான் தெரிகிறது. ஆஸ்கர் போன்ற இரைபிடிக்கும் மீன்களுக்கு இரைப்பை உண்டு. வளர்ந்தபின் நாளுக்கு ஒரு வேளை போதும். கொரிடோரஸ் போன்ற அடித்தளக் கெளுத்தி வகைகளும், கண்ணாடியில் ஒட்டிப் பாசி சுரண்டும் சக்கர் மீன்களும் அந்தி சாய்ந்தபிறகு கூடுதல் சுறுசுறுப்பாகும். விளக்கு அணைந்து அரை மணி நேரம் கழித்து, மூழ்கும் தீனியை ஒரு வேளை போடும்படி கருவியை அமைத்துவிட்டால், மேல்மட்ட மீன்களின் போட்டியில்லாமல் அவையும் வயிறாரும்.

மிஞ்சும் தீனி

தொட்டி மீன்கள் பசியால் சாவது அரிது. அளவு மீறிய தீனியால் தண்ணீர் கெட்டுச் சாவதுதான் வழக்கம். காரணத்தை ஒரு சிறு கணக்கால் விளங்கிக்கொள்ளலாம்.

தீனிப் பொட்டலத்தில் புரதம் 40 சதவீதம் என்று அச்சிட்டிருப்பதாகக் கொள்வோம். புரதத்தின் எடையில் சுமார் 16 சதவீதம் நைட்ரஜன். அப்படியானால் 1 கிராம் தீனியில் 64 மில்லிகிராம் நைட்ரஜன் இருக்கிறது. மீன் அதைத் தின்றால் ஒரு பங்கு தசையாகச் சேரும். ஏறக்குறைய பாதி, அம்மோனியாவாகச் செவுள் வழியே வெளியேறும். தின்னாமல் கூழாங்கல் இடுக்கில் கிடந்து அழுகினால் அநேகமாக முழுவதும் அம்மோனியாதான். இரண்டடி நீளம், ஓரடி அகலம், ஓரடி உயரமுள்ள தொட்டியில் கல்லும் மேல் இடைவெளியும் போக ஏறத்தாழ 50 லிட்டர் தண்ணீர் இருக்கும். அதில் 1 கிராம் தீனி அழுகினால் லிட்டருக்கு 1.3 மில்லிகிராம் அளவுக்கு அம்மோனியா நைட்ரஜன் சேரும். நல்ல தொட்டியில் அம்மோனியா சோதனையில் தென்படாத அளவுக்குப் பூஜ்யமாக இருக்க வேண்டும்.

ஃபில்டரின் பஞ்சிலும் கற்களிலும் குடியிருக்கும் பாக்டீரியாக்கள் அம்மோனியாவை முதலில் நைட்ரைட்டாகவும், பிறகு நைட்ரேட்டாகவும் மாற்றுகின்றன. நைட்ரைட் மீனின் ரத்தத்தில் கலந்தால் ஆக்சிஜனைச் சுமக்கும் திறன் குறையும். நைட்ரேட்டின் தீமை குறைவு. வாரந்தோறும் கொஞ்சம் தண்ணீர் மாற்றினால் அது கட்டுக்குள் நிற்கும். இந்தப் பாக்டீரியாக் கூட்டம் நாள்தோறும் வரும் தீனிக்கு ஏற்ற அளவில்தான் வளர்ந்திருக்கும். திடீரென்று ஐந்து மடங்கு வந்தால் அதற்கு ஈடுகொடுக்க முடியாது. புதிதாக அமைத்த தொட்டியில் இந்தக் கூட்டமே உருவாகியிருக்காது. அதனால்தான் முதல் ஆறு வாரத்துக்குத் தானியங்கிப் பெட்டியை அண்டவிடக் கூடாது.

சூடான ஊர்களில் இடர் கூடுகிறது. அம்மோனியாவின் நச்சுத்தன்மை தண்ணீரின் வெப்பத்தையும் பி.எச் அளவையும் பொறுத்தது. 30 டிகிரி செல்சியஸில், பி.எச் 7 உள்ள தண்ணீரில் மொத்த அம்மோனியாவில் நூற்றுக்கு ஒரு பங்கு கூட நச்சு வடிவில் இருக்காது. பி.எச் 8 ஆனால் அது நூற்றுக்கு ஏழு, எட்டுப் பங்காக உயரும். தண்ணீர் சூடேறினால் கரையும் ஆக்சிஜனும் குறைகிறது. 25 டிகிரியில் லிட்டருக்கு 8 மில்லிகிராமுக்குச் சற்று மேல் கரையும், 30 டிகிரியில் ஏழரை மட்டுமே. அழுகும் தீனியைத் தின்னும் கிருமிகளும் அதே ஆக்சிஜனைத்தான் பங்கு கேட்கின்றன. காலையில் மீன்கள் நீர்ப்பரப்புக்கு வந்து வாயைப் பிளந்து பிளந்து மூடுவது இந்த மூச்சுத் திணறலால்தான். பசி என்று நினைத்து மேலும் தீனி போடுபவர்களும் உண்டு.

பெட்டியின் வகைகள்

வீட்டுத் தொட்டிகளில் மிகுதியாகக் காண்பது சுழல் உருளை வகை. உருளையின் ஒரு பக்கத்தில் தள்ளிச் சிறிதாக்கவோ பெரிதாக்கவோ கூடிய திறப்பு இருக்கும். நேரம் வந்ததும் மோட்டார் லேசாக முனக, உருளை மெல்லப் புரளும். திறப்பு அடிப்பக்கம் வரும் நொடியில் பத்துப் பதினைந்து குருணைகள் சடசடவென்று நீரில் விழும். உருளை மேலும் புரண்டு, திறப்பு மேல்பக்கம் வந்து நின்றுவிடும். விலை குறைவு, பழுது குறைவு. ஆனால் ஒரு சுற்றுக்கு விழும் அளவு எப்போதும் ஒரே மாதிரி இராது. நிறைந்த உருளையிலிருந்து விழுவதும் கால்வாசி உள்ள உருளையிலிருந்து விழுவதும் வேறுபடும்.

இரண்டாவது, வட்டத்தட்டு வகை. அஞ்சறைப்பெட்டி போலப் பல அறைகள் வட்டமாக அமைந்திருக்கும். ஒவ்வொரு வேளைக்கும் உரிய தீனியைக் கையால் அளந்து ஒவ்வோர் அறையில் வைத்துவிட வேண்டும். தட்டு ஒரு அறை நகரும்போது அந்த அறையின் தீனி மட்டும் துளை வழியே விழும். கோளாறு வந்தாலும் ஒரு வேளைக்கு மேல் கொட்டுவது கடினம் என்பதால் பயணத்துக்கு இதுவே நம்பகமானது. அறைகள் தீர்ந்தால் தீனி நின்றுவிடும் என்பது ஒரு வரம்பு.

மூன்றாவது வகையில் ஒரு திருகு சுழன்று தீனியைக் கொஞ்சம் கொஞ்சமாக முன்னே தள்ளும். மாவு மில்லில் தானியம் நகரும் அதே முறை. அளவு சீராக இருக்கும். ஆனால் தீனி ஒரே பருமனில் இருக்க வேண்டும். மெல்லிய செதில் தீனியை இது நொறுக்கிவிடும். குஞ்சு பொரிப்பகங்களில் நகரும் பட்டை வகை ஒன்றும் உண்டு. கடிகார விசையால் இழுபடும் பட்டையின் மேல் தீனியைப் பரப்பிவிட்டால், பன்னிரண்டு மணி நேரம் போல அது தூறலாகத் தண்ணீரில் விழுந்துகொண்டே இருக்கும்.

கைப்பேசியோடு இணையும் புதிய வகைகளும் சந்தையில் இருக்கின்றன. வெளியூரிலிருந்தே ஒரு வேளையைக் கூட்டலாம், நிறுத்தலாம். சிலவற்றில் கேமராவும் உண்டு. இணையமும் மின்சாரமும் அறுந்தால் அந்த வசதி போய்விடும். இணைப்பு அறுந்தாலும் கடைசியாகக் கொடுத்த நேர ஒழுங்கைத் தன் நினைவிலேயே வைத்திருந்து இயங்கும் கருவிதான் பயன்படும்.

கருவியே வேண்டாமென்று ‘விடுமுறைக் கட்டி’ வாங்குபவர்களும் இருக்கிறார்கள். பிளாஸ்டர் போன்ற கால்சியம் பொருளில் தீனியைப் புதைத்துச் செய்த வெள்ளை வில்லை அது. தண்ணீரில் கரையக் கரைய தீனி வெளிவரும். எவ்வளவு வேகத்தில் கரையும் என்பது அந்தந்தத் தண்ணீரைப் பொறுத்தது. சில மீன்கள் அதைத் தொடுவதே இல்லை. தண்ணீர் கலங்குவதும் உண்டு. முன்பே ஒருமுறை போட்டுப் பார்க்காமல் பயணத்தின்போது இதை நம்பக் கூடாது.

ஈரம் என்னும் எதிரி

தீனிப்பெட்டி தவறுவதற்கு முதற்காரணம் மோட்டாரோ பேட்டரியோ அல்ல, ஈரம். தொட்டியின் திறப்புக்கு நேர்மேலே பெட்டி இருக்கிறது. இரவும் பகலும் கீழிருந்து நீராவி எழுந்து உருளைக்குள் போகிறது. கடலோர ஊர்களில் காற்றிலேயே ஈரம் மிகுதி. மூன்றாம் நாள் திறப்பின் ஓரத்தில் தூள் ஒட்டும். ஐந்தாம் நாள் அது பசை போலக் காயும். ஏழாம் நாள் உருளை ஒழுங்காகச் சுழன்றாலும் ஒரு குருணை கூட விழாது. சில சமயம் உறைந்த கட்டி மொத்தமாகப் பெயர்ந்து தொட்டியில் விழும்.

ஈரத்தீனியில் பூஞ்சையும் பிடிக்கும். சில பூஞ்சைகள் அஃப்ளடாக்சின் என்ற நஞ்சைச் சுரக்கின்றன. 1960-ஐ ஒட்டி அமெரிக்கப் பண்ணைகளில் ரெயின்போ டிரவுட் மீன்களுக்குக் கூட்டங்கூட்டமாகக் கல்லீரல் புற்றுநோய் கண்டது. தீனியில் சேர்த்த பருத்திக்கொட்டை மாவிலிருந்த அஃப்ளடாக்சின்தான் காரணம் என்று பின்னர் தெரியவந்தது. வீட்டுப் பெட்டியில் கட்டிபட்ட தீனியை உடைத்துப் போடாமல் குப்பையில் கொட்டிவிட வேண்டும் என்பதற்கு இந்த ஒன்றே போதும்.

தடுக்கும் வழிகள் எளியவை. பெட்டியைத் தொட்டியின் திறப்புக்கு நேர்மேலே முழுதாக வைக்காமல், விழும் முனை மட்டும் உள்ளே எட்டும்படி ஓரத்தில் பொருத்தலாம். தொட்டி மூடியில் காற்றோட்டத்துக்கு இன்னொரு இடைவெளி விடலாம். காற்றுக்குழாய் செருகும் துளையோ சிறு மின்விசிறியோ உள்ள பெட்டிகள் கிடைக்கின்றன. ஏர் பம்பின் கிளைக் குழாய் ஒன்றை அதில் செருகினால் உலர்ந்த காற்று உருளைக்குள் ஓடிக்கொண்டே இருக்கும். காற்றுக் கல்லின் குமிழிகள் திறப்புக்குக் கீழே வெடித்துத் தெறிக்காதபடி நகர்த்திவைக்க வேண்டும். சிலிக்கா ஜெல் பொட்டலத்தைத் தனி அறை இருந்தால் மட்டும் வைக்கலாம். தீனியோடு சேர்த்துப் போட்டால் மணிகள் தொட்டியில் விழும்.

தீனியின் வகையும் இதில் முக்கியம். வட்டமான, உலர்ந்த, ஒரே அளவுள்ள குருணைதான் உருளைக்குள் நன்றாக உருளும். செதில் தீனி ஒன்றோடொன்று ஒட்டும், திறப்பை அடைக்கும். குருணையின் பருமன் மீனின் வாய்க்கு ஏற்றதாக இருக்க வேண்டும். கப்பிக்கும் டெட்ராவுக்கும் அரை மில்லிமீட்டரை ஒட்டிய குருணை, வளர்ந்த தங்கமீனுக்கு இரண்டு மில்லிமீட்டர் என்பது பொதுவான அளவு. உயிருள்ள புழு, பனியில் உறைந்த ரத்தப்புழு, புதிதாகப் பொரித்த ஆர்ட்டீமியா ஆகியவற்றை இந்தப் பெட்டிகளில் போட முடியாது. உலர்தீனியைத் தொடாத மீன்களுக்கு இந்தக் கருவியால் பயனில்லை.

அளவெடுத்துப் பொருத்துதல்

பெட்டியைத் தொட்டியில் பொருத்தும் முன் மேசைமேல் வைத்து அளவெடுக்க வேண்டும். உருளையில் மூன்றில் இரண்டு பங்கு தீனி நிரப்பி, திறப்பை ஆகக் குறைந்த அளவில் வைத்து, அடியில் ஒரு வெள்ளைத் தட்டை வைக்கலாம். கையால் இயக்கும் பொத்தானைப் பத்து முறை அழுத்தி, விழுந்ததைச் சிறு எடைக்கருவியில் நிறுத்துப் பத்தால் வகுத்தால் ஒரு சுற்றின் அளவு கிடைக்கும். எடைக்கருவி இல்லையென்றால் குருணைகளை எண்ணினாலும் போதும். ஒரு மீனுக்கு ஒரு வேளைக்குச் சில குருணைகள்தான் கணக்கு. அதே சோதனையைக் கால்வாசி நிரம்பிய உருளையிலும் செய்து, இரண்டில் எது அதிகமோ அதை வைத்துக் கணக்கிடுவது பாதுகாப்பு. கையால் போடுவதைவிடச் சற்றுக் குறைவாகவே அமைக்க வேண்டும்.

பிறகு இடம். ஃபில்டரிலிருந்து தண்ணீர் பாயும் பக்கத்தில் தீனி விழுந்தால், மீன் வாய்க்கு எட்டுமுன் அது சுழன்று ஃபில்டருக்குள் போய்விடும். ஓட்டம் குறைந்த மூலையே நல்லது. மிதக்கும் வளையம் ஒன்றைத் திறப்புக்குக் கீழே கட்டிவைத்தால் தீனி அதற்குள்ளேயே நிற்கும். கூச்ச சுபாவமுள்ள மீன்கள் இருந்தால் செடி மறைவுக்கு அருகில் விழச் செய்யலாம்.

நேரத்தைப் பொறுத்தவரை, விளக்கு எரிந்து அரை மணி நேரமாவது ஆனபிறகு முதல் வேளை இருக்கட்டும். மீன்கள் நேரத்தை விரைவில் கற்றுக்கொள்ளும். தினமும் ஒரே பொழுதில் தீனி விழுந்தால், அதற்கு முன்பே அவை பரபரப்பாக நீந்தத் தொடங்குவதைத் தங்கமீன்களில் ஆய்வாளர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். வீட்டிலும் இதைப் பார்க்கலாம். சில நாளில் மீன்கள் தொட்டி முழுதும் திரிவதை விட்டு, வேளை நெருங்க நெருங்க அந்த மூலையில் வந்து கூடும்.

மின் இணைப்பில் இயங்கும் பெட்டியில் மின்தடைக்குப்பின் கடிகாரம் சரியாக இருக்கிறதா என்று ஒருமுறை பிளக்கைப் பிடுங்கிச் செருகிப் பார்த்துவிட வேண்டும். சில கருவிகள் மின்சாரம் வந்ததும் ஒரு சுற்று சுற்றும். நாளுக்கு ஐந்து முறை மின்தடை ஏற்படும் ஊரில் அது ஐந்து வேளைத் தீனி. பென்சில் பேட்டரியில் இயங்குவதற்கு இந்தச் சிக்கல் இல்லை. அதன் பேட்டரியைப் பயணத்துக்கு முன் புதிதாக மாற்றிவிட்டால் போதும்.

ஊருக்குப் போகும்போது

புறப்படும் முந்தைய நாள் பெட்டி வாங்குவதும் அன்றே பொருத்திவிட்டுக் கிளம்புவதும்தான் பெரும்பாலான இழப்புகளுக்குக் காரணம். குறைந்தது ஒரு வாரம் முன்னதாகப் பொருத்தி, வீட்டில் ஆள் இருக்கும்போதே ஓடவிட வேண்டும். ஈரம், அடைப்பு, நேரப்பிசகு எல்லாம் அந்த வாரத்தில் வெளிப்பட்டுவிடும். அந்த நாட்களில் கையால் தீனி போடக் கூடாது.

உருளையை விளிம்பு வரை நிரப்பாமல், பயண நாட்களுக்கு வேண்டிய அளவும் ஒன்றிரண்டு வேளைக்கான உபரியும் மட்டும் போடுவது இன்னொரு காப்பு. என்ன கோளாறு வந்தாலும் உள்ளே இருப்பதற்கு மேல் கொட்ட முடியாது. ஒரு நாள் விட்டு ஒரு நாள் தீனி விழும்படி அமைத்தாலும் வளர்ந்த மீன்களுக்குக் குறையில்லை. கிளம்புவதற்கு இரண்டு நாள் முன்பு தண்ணீரில் கால்பங்கு மாற்றி, ஃபில்டர் பஞ்சைத் தொட்டித் தண்ணீரிலேயே அலசிவிடலாம். பக்கத்து வீட்டாரிடம் சாவி கொடுத்தால், தீனி போடச் சொல்வதைவிட, ஃபில்டர் ஓடுகிறதா, மீன் மேலே வந்து மூச்சு வாங்குகிறதா என்று மட்டும் பார்க்கச் சொல்வது நல்லது. இரக்கத்தில் அவர்கள் போடும் கூடுதல் பிடியைத் தடுக்க, தீனி டப்பாவை எடுத்துவைத்துவிட வேண்டும்.

பண்ணைகளில் இதே கருவி

மீன் பண்ணைகளில் தீனிச் செலவே பெரிய செலவு என்பதால், மீனின் பசியை அறிந்து தீனி போடும் வழிகளை அங்கே தேடியிருக்கிறார்கள். டிரவுட் பண்ணைகளில் தீனித்தொட்டியின் அடியிலிருந்து ஒரு கம்பி நீருக்குள் தொங்கும். மீன் வந்து கம்பியை முட்டினால் சில குருணைகள் விழும். முட்டினால் உணவு என்பதை மீன்கள் சில நாளில் கற்றுக்கொள்கின்றன. ஆந்திரத்திலும் தமிழ்நாட்டுக் கடலோரத்திலும் வளர்க்கப்படும் வனாமி இறால் குளங்களில் தட்டுகளை நீரில் இறக்கி, மீதி எவ்வளவு என்று தூக்கிப் பார்த்து அடுத்த வேளையைத் தீர்மானிப்பது நெடுநாள் பழக்கம். இறால் தீனியைக் கடிக்கும்போது எழும் ‘க்ளிக்’ ஓசையை நீரடி ஒலிவாங்கியால் கேட்டு, ஓசை அடங்கியதும் தீனியை நிறுத்தும் இயந்திரங்களும் இப்போது இயங்குகின்றன. கடலில் சால்மன் வளர்க்கும் கூண்டுகளில் நீரடிக் கேமரா பார்த்துத் தீனியைக் கட்டுப்படுத்துகிறார்கள்.

இவற்றில் எல்லாம் பொதுவாக இருப்பது, தின்றது போதுமா என்று திரும்பக் கேட்கும் ஒரு வழி. வீட்டுத் தொட்டியின் சிறு பெட்டியில் அது இல்லை. நேற்று ஒரு மீன் செத்திருந்தாலும், தண்ணீர் கெட்டு எல்லா மீனும் தீனியை ஒதுக்கினாலும், அது தன் வேளைக்குத் தீனியைப் போட்டுவிட்டு நிற்கும். அந்தக் குறையை வளர்ப்பவரின் கண்தான் ஈடுசெய்ய வேண்டும். மீனின் உடல்நலம் மிகத் தெளிவாகத் தெரிவது தீனி வேளையில்தான். எல்லாம் வருகின்றனவா, எது பின்தங்குகிறது, எதன் வயிறு உப்பியிருக்கிறது, வாயில் வாங்கியதை எது துப்புகிறது, துடுப்பை ஒடுக்கிக்கொண்டு எது மூலையில் நிற்கிறது என்பதெல்லாம் அந்த இரண்டு நிமிடத்தில் தெரிந்துவிடும். நாள்தோறும் பெட்டி போட்டாலும், வீட்டில் இருக்கும் நாட்களில் ஒரு வேளையை நிறுத்தி அதைக் கையால் போடும் பழக்கம் நல்லது.

வாரம் ஒருமுறை உருளையைக் கழற்றி, பழைய தீனியைக் கொட்டி, ஈரமில்லாத துணியால் துடைத்து, புதுத் தீனியை ஒரு வாரத்துக்கு மட்டும் நிரப்ப வேண்டும். திறந்த காற்றில் கிடக்கும் தீனியில் வைட்டமின் சி வேகமாகச் சிதைகிறது, கொழுப்பு காறிப்போகிறது. மீதித் தீனியை இறுக மூடிய டப்பாவில், வெயில் படாத இடத்தில் வைக்கலாம். தீனி விழுந்து இரண்டு, மூன்று நிமிடம் கழித்தும் அடியில் குருணைகள் கிடந்தால், திறப்பை இன்னும் ஒரு கோடு குறைக்க வேண்டும்.